கிரில் கோழிக்குக் கடலக்காய்த் தொக்கு

பச்சை முட்டையில் அடித்த மயோனைசை விற்கக் கூடாது என்று தமிழ்நாடு அரசு 2025 ஏப்ரல் 8 முதல் ஓராண்டுக்குத் தடை போட்டது. வேகாத முட்டை வழியாக சால்மோனெல்லா, ஈ-கோலை, லிஸ்டீரியா போன்ற கிருமிகள் பரவும் என்பது காரணம். சரியான முடிவு. மத்தியானம் அடித்து வைத்த மயோனைஸ் நம்ம ஊர் வெக்கையில் ராத்திரி பத்து மணி வரை கல்லாவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தால் அதில் என்ன வளரும் என்று விளக்க வேண்டியதில்லை. தடைக்குப் பிறகு முட்டையில்லாத மயோனைஸ் பாக்கெட்டில் வருகிறது. சுத்திகரித்த எண்ணெய், தண்ணீர், மாவு, சர்க்கரை, வினிகர், இவைதான் பெரும்பாலும் அதன் உடம்பு. நாம் தின்கிற கிரில் கோழி பல்லடம் பக்கத்துப் பண்ணையில் வளர்ந்தது, அவிநாசி ரோட்டோரத்தில் வெந்தது. தொட்டுக்கொள்ள மட்டும் நம்மிடம் ஒன்றும் இல்லாததுபோல் பாக்கெட்டைக் கிழிக்கிறோம்.

இல்லாமலா இருக்கிறது? சேவூர்க் கடலக்காய் இருக்கிறது. இந்தக் குறிப்புகள் முழுக்க அதைப் பற்றித்தான்.

*

சுட்ட கறிக்குத் தொடுகறி ஏன் வேண்டும் என்பதை முதலில் யோசிக்க வேண்டும். நெருப்பு கறியிலிருந்து ஈரத்தை இழுத்துவிடுகிறது. கோழியில், அதுவும் நெஞ்சுக்கறியில், கொழுப்பு குறைவு. உப்பும் காரமும் புகையும் மேலே ஏறிய பிறகு நாக்கு கொழுப்பையும் புளிப்பையும் கொஞ்சம் இனிப்பையும் தேடும். மயோனைஸ் அந்தக் கொழுப்பைத் தருகிறது, வேறு எதையும் பெரிதாகத் தருவதில்லை. நிலக்கடலை 100 கிராமில் ஏறக்குறைய 49 கிராம் கொழுப்பு, 25 கிராம் புரதம். வறுத்து இடித்தால் தானாகவே எண்ணெய் கசியும். வறுத்த வாசனை வேறு. புளியும் கருப்பட்டியும் வரமிளகாயும் அதோடு சேர்ந்துவிட்டால் சுட்ட கோழிக்கு வேண்டியது அத்தனையும் ஒரே கிண்ணத்தில் வந்துவிடுகிறது.

*

இதை நான் கண்டுபிடிக்கவில்லை. மலாய் நாட்டுக்குப் போன நம் சனங்களுக்கு நன்றாகத் தெரியும். அங்கே சாத்தே: கறியைக் குச்சியில் கோத்துக் கரியில் சுட்டு, கடலைத் தொக்கில் தொட்டுத் தின்பது. ஜாவாவில் தோன்றியது. இந்தியாவிலிருந்தும் அரபு நாடுகளிலிருந்தும் போன முஸ்லிம் வணிகர்களின் கபாபைப் பார்த்து ஜாவாவின் தெருவோர வியாபாரிகள் 19ஆம் நூற்றாண்டில் உண்டாக்கினார்கள் என்று பரவலாகச் சொல்வார்கள். கோலாலம்பூருக்குத் தெற்கே காஜாங் என்ற ஊருக்கு சாத்தேயால்தான் பேர். சிங்கப்பூரில் எஸ்பிளனேட் பக்கம் ‘சாத்தே கிளப்’ என்ற திறந்தவெளிக் கடைவரிசை 1995 வரை இருந்தது. இப்போது லாவ் பா சாட் சந்தையை ஒட்டிய தெருவில் மாலையில் வண்டிகளை நிறுத்திவிட்டு, ரோட்டிலேயே கரியடுப்பை வரிசையாக வைக்கிறார்கள். மலேசியத் தமிழர் வீடுகளில் தீபாவளிக்குத் திறந்த இல்ல விருந்து வைக்கும்போது சாத்தேக்காரரை வாசலில் அடுப்புப் போடச் சொல்வது உண்டு. மாட்டுக்கறி ஒதுக்குகிறவர்களுக்குக் கோழிச் சாத்தே.

கறியில் பூசுவது மஞ்சள், கொத்தமல்லி விதை, சின்ன வெங்காயம், பூண்டு, எலுமிச்சம்புல், பேரரத்தை, கருப்பட்டி. தொக்கில் சேர்வது வறுத்த கடலை, வரமிளகாய், புளி, தேங்காய்ப்பால், மறுபடி கருப்பட்டி. இந்தச் சாமான் பட்டியலை அவிநாசி பஸ் ஸ்டாண்டில் நின்றுகொண்டு படித்துப் பாருங்கள். மஞ்சள் ஈரோட்டில், அதற்கு 2019இல் புவிசார் குறியீடும் கிடைத்துவிட்டது. சின்ன வெங்காயம் பல்லடம், பொங்கலூர்க் காடுகளில். தேங்காய் காங்கயத்திலும் பொள்ளாச்சியிலும். கடலை சேவூரில். கருப்பட்டி குன்னத்தூரில். பேரரத்தை எந்த நாட்டுமருந்துக் கடையிலும். தேட வேண்டியது எலுமிச்சம்புல் ஒன்றுதான். ஒரு தூரை வாங்கி வாய்க்கால் ஓரத்தில் நட்டுவிட்டால் அதுவும் வேலிபோல் வளர்ந்துவிடும். சாத்தேயின் சமையலறை கடலுக்கு அந்தப் பக்கம் இருக்கலாம். அதன் மளிகைக்கடை முழுக்க இங்கேதான் இருக்கிறது.

*

கடலை நமக்கும் ஜாவாவுக்கும் வந்த செடிதான். தென் அமெரிக்காவில் பிறந்து, ஐரோப்பியர் கப்பல்களில் உலகம் சுற்றியது. 19ஆம் நூற்றாண்டில் தென் ஆற்காட்டுக் கடலை புதுச்சேரித் துறைமுகம் வழியாகப் பிரான்சின் மார்செய் நகரத்துக்குப் போனது. அங்கே அதை எண்ணெயாக ஆட்டி சோப்புக் காய்ச்சினார்கள். நாம் கடலையை எண்ணெய்க்கும் மாட்டுக்கும் மிட்டாய்க்கும் சட்னிக்கும் வைத்துக்கொண்டோம். பச்சைக் காய் வரும் பருவத்தில் கடலக்காய்க் குழம்பு வைக்கிற வீடுகள் உண்டு. கறிக்கு என்று வந்தால் தேங்காய், கசகசா, பொட்டுக்கடலை என்று கை போகிறதே தவிர கடலக்காய் டப்பாப் பக்கம் போவதில்லை. ஐதராபாத்தில் மிளகாய் சாலனுக்குக் கடலையையும் எள்ளையும் தேங்காயையும் சேர்த்து அரைக்கிறார்கள். நம் கொங்கில் ஏன் அந்தப் பழக்கம் வரவில்லை என்று யோசித்துப் பார்த்திருக்கிறேன். கடலக்காய் பணப்பயிர். மூட்டை கட்டி விற்கிற பண்டத்தை வீட்டுக் கறிச்சட்டியில் கொட்ட மனசு வராது. அது ஒரு காரணமாக இருக்கலாம்.

*

அவிநாசியிலிருந்து புளியம்பட்டி ரோட்டில் போனால் சேவூர். அங்குள்ள ஒழுங்குமுறை விற்பனைக்கூடத்தில் திங்கட்கிழமை நிலக்கடலை ஏலம். முதல் ரகம், இரண்டாம் ரகம், மூன்றாம் ரகம் என்று பிரித்துக் குவிண்டால் கணக்கில் விலை போகும். வியாபாரி குவியலுக்குள் கையை விட்டு ஒரு பிடி காயை அள்ளி, இரண்டு விரலுக்கு நடுவில் வைத்து உடைப்பார். தோல் கனமா மெல்லிசா, பருப்பு தோட்டை நிறைத்திருக்கிறதா சுருங்கிக் கிடக்கிறதா, காய்ந்ததா ஈரமா என்று பார்ப்பார். காய்ந்த காயைக் காதோரம் ஆட்டினால் பருப்பு குலுங்கும். தொக்குக்குக் கடலை வாங்குகிறவர்கள் இதே சோதனையைக் கடையில் செய்யலாம். தோல் உரித்து உப்புப் போட்டு வறுத்த பாக்கெட் கடலை வேண்டாம். அது பழைய எண்ணெய் வாசம் அடிக்கும்.

செம்மண் காட்டு மானாவாரிக் கடலை சின்னதாக இருக்கும், ருசி கூட. திண்டிவனம் ஆராய்ச்சி நிலையம் கொடுத்த டி.எம்.வி. 7 மாதிரி சின்னப் பருப்பு ரகங்களை நான் பெரிய பருப்புக்கு மேலாக வைப்பேன். பெரிய பருப்பு வறுத்துத் தின்ன அழகு. இடித்துத் தொக்கு வைக்கச் சின்னப் பருப்பு.

ஆனியிலோ ஆடியிலோ விதைத்த கடலை நூற்றுச் சொச்சம் நாளில் விளைந்து புரட்டாசி ஐப்பசியில் காட்டைவிட்டு வருகிறது. புரட்டாசியில் பாதி ஊர் கறி தின்னாது. கறிக்கோழி விலை சரிவதும் அந்த மாதத்தில்தான். கார்த்திகை பிறந்தால் மாலை போடுகிறவர்கள் தொடங்கிவிடுவார்கள். நடுவில் ஐப்பசி. புதுக்கடலையும் தீபாவளியும் ஒன்றாக வருகிற மாதம். கோழியைக் கரியில் சுட்டுக் கடலக்காய்த் தொக்கோடு தின்ன வருசத்தில் இதைவிட நல்ல மாதம் எனக்குத் தெரியவில்லை.

*

கருப்பட்டி விசயத்தில் கொங்கு மலேசியாவுக்குச் சளைத்ததல்ல. அங்கே சாத்தே தொக்குக்குப் போடும் ‘குலா மலாக்கா’ தென்னம்பாளையில் இறக்கிய பதநீரைக் காய்ச்சி வார்த்தது. குன்னத்தூரில் கூட்டுறவுச் சங்கம் ஏலம் விடுகிற தென்னங்கருப்பட்டியும் அதேதான். பனங்கருப்பட்டியும் அங்கே ஏலத்துக்கு வரும். இரண்டில் தொக்குக்குத் தென்னங்கருப்பட்டி பொருந்தும். பனங்கருப்பட்டிக்குக் கரிப்புச் சுவை ஒன்று உண்டு. காப்பிக்கு அது நன்றாக இருக்கும், தொக்கில் புளியோடு மல்லுக்கட்டும். கவுந்தப்பாடி நாட்டுச்சர்க்கரை கைவசம் இருந்தால் அதுவும் ஆகும். வெள்ளைச் சர்க்கரை மட்டும் வேண்டாம். அதில் இனிப்பைத் தவிர ஒன்றும் இல்லை.

*

கரி. காங்கயம், வெள்ளகோவில் பக்கம் தேங்காய் களத்தில் காய்ந்து கொப்பரையாகிறது. மிச்சமாகும் தொட்டியை, அதாவது கொட்டாங்குச்சியை, சுட்டுக் கரியாக்குகிறார்கள். அந்தத் தொட்டிக்கரி பெரும்பகுதி மேலும் பதப்படுத்தப்பட்டுத் தண்ணீர் வடிகட்டிக்கும், தங்கச் சுரங்கங்களில் பொன்னைப் பிரித்தெடுக்கவும் வெளிநாடு போகிறது. குழி வெட்டித் தொட்டி சுடுகிற இடங்களைச் சுற்றிக் கிணற்றுத் தண்ணீர் நிறம் மாறுவதாக விவசாயிகள் போராடியும் இருக்கிறார்கள். அந்தக் குறையைச் சரிசெய்யாமல் அந்தத் தொழிலைப் புகழ எனக்கு மனமில்லை. ஆனால் வீட்டு அடுப்புக்குத் தொட்டிக்கரி மாதிரி கரி வேறில்லை. சூடு அதிகம், புகை குறைவு, நின்று எரியும். பற்றும்போது பொறி பறக்கும், குழந்தைகளைத் தள்ளி நிறுத்துங்கள். கரி மேலெல்லாம் வெள்ளைச் சாம்பல் பூக்கும் வரை கறியை வைக்காதீர்கள். அவசரப்பட்டு வைத்தால் கறியில் ஏறுவது மணமல்ல, கரிநாற்றம்.

*

எந்தக் கோழி? நாட்டுக்கோழி என்றுதான் எல்லாரும் சொல்வார்கள். நான் சொல்ல மாட்டேன். ஓடித் திரிந்த சேவலின் சதை நாராக இருக்கும். குழம்பில் மணிக்கணக்கில் கொதித்தால்தான் அது இளகும். குச்சியில் கோத்துப் பத்து நிமிடத்தில் சுட்டால் தோலைக் கடிப்பதுபோல் இருக்கும். வெடக்கோழி கிடைத்தால் சுடலாம். அதற்கும் ஒரு முன்வேலை உண்டு. ஜாவாக்காரர்கள் கோழியை மசாலாவோடு கொஞ்சம் தண்ணீரில் முக்கால் வேக்காடு வேகவிட்டு, தண்ணீர் சுண்டியதும் எடுத்துக் கரியில் காட்டுவார்கள். அப்படிச் செய்தால் நாட்டுக்கோழியும் சுடுவதற்கு ஆகும்.

குச்சிக் கறிக்குக் கறிக்கோழியின் தொடைக்கறி போதும், அதுதான் சரியும்கூட. 1984இல் உடுமலைப்பேட்டையில் தொடங்கிய சுகுணா போன்ற நிறுவனங்களும் அவற்றின் ஒப்பந்தப் பண்ணைகளும் இந்தப் பகுதியின் மானாவாரிக் காடுகளில் கோழிக் கொட்டகைகளை நிறைத்தன. தினமும் பண்ணைக் கொள்முதல் விலையை அறிவிப்பது பல்லடத்திலிருந்துதான். மழை பொய்த்த வருசங்களில் பல குடும்பங்களுக்குக் கஞ்சி ஊற்றியது அந்தக் கொட்டகை. அந்தக் கோழியை இளக்காரமாகப் பேசுகிறவர்களோடு நான் சேர மாட்டேன். நெஞ்சுக்கறியை மட்டும் தவிர்த்துவிடுங்கள். தொடையில் கொழுப்பு இருக்கிறது, அரை நிமிடம் கூடப் போனாலும் சக்கையாகாது.

இன்னொன்று. கோழியை நெருப்பில் காட்டுவது நமக்குப் புதிதல்ல. இறகு பிடுங்கிய கோழிக்கு மஞ்சள் தடவி ஓலைத் தீயில் வாட்டுவது எங்கள் பக்கத்து வழக்கம். அப்போது எழும் வாசனைக்கே பிள்ளைகள் அடுப்படியில் வந்து உட்கார்ந்துகொள்ளும். ஈரலைக் குச்சியில் குத்தித் தணலில் சுட்டு, உப்புக் கல் தொட்டு, அமுச்சி கையால் வாங்கித் தின்றவர்கள் இந்த ஊரில் நிறையப் பேர் இருக்கிறார்கள். மஞ்சளும் தணலும் கோழியும் நம் வீட்டில் ஏற்கெனவே சேர்ந்தவைதான்.

*

கறிக்கு. ஒரு கிலோ தொடைக்கறி, எலும்பு நீக்கி, கட்டை விரல் அகலத்துக்கு. ஆட்டுக்கல்லிலோ மிக்சியிலோ அரைக்க: சின்ன வெங்காயம் 100 கிராம், பூண்டு 6 பல், விரல் நீளம் பேரரத்தை (இல்லாவிட்டால் இஞ்சி), எலுமிச்சம்புல்லின் வெள்ளைத் தண்டு இரண்டு, வறுத்த கொத்தமல்லி விதை இரண்டு மேசைக்கரண்டி, சீரகம் ஒரு தேக்கரண்டி, மஞ்சள்தூள் ஒரு தேக்கரண்டி கூம்பாக. உப்பு 12 முதல் 15 கிராம். பொடித்த கருப்பட்டி ஒரு மேசைக்கரண்டி. செக்குக் கடலெண்ணெய் இரண்டு மேசைக்கரண்டி. பிசைந்து நான்கு மணி நேரம் ஃபிரிட்ஜில்.

தயிர் வேண்டாம், எலுமிச்சை பிழிய வேண்டாம். சின்னத் துண்டுக் கறியில் புளிப்பு நெடுநேரம் நின்றால் மேல்பகுதி மாவாகிவிடும். புளிப்பு தொக்கில் வரட்டும். மிளகாயும் கறியில் வேண்டாம், அதுவும் தொக்கில் வரட்டும். கறி மஞ்சளும் மல்லியுமாக மணந்தால் போதும்.

குச்சிக்குத் தென்னை ஓலையின் ஈக்கு. மூங்கில் குச்சி வருவதற்கு முன்னால் ஜாவாவிலும் மலாயாவிலும் சாத்தே கோத்தது இதில்தான். அடிப்பக்கம் தடித்த ஈக்காகப் பொறுக்கி, கூர் சீவி, அரை மணி நேரம் தண்ணீரில் போடுங்கள். கறியை நெருக்கிக் கோக்க வேண்டும், குச்சி நெருப்புக்குத் தெரியக் கூடாது.

சுடும்போது எலுமிச்சம்புல் தண்டின் நுனியை நசுக்கி, அதையே தூரிகையாக்கி, எண்ணெயும் இரண்டாம் தேங்காய்ப்பாலும் கலந்து தடவிக்கொண்டே இருங்கள். கறி ஊறிய சட்டியில் மிஞ்சிய மசாலாவை இதற்கு எடுக்காதீர்கள், அதில் பச்சைக்கறித் தண்ணீர் இருக்கிறது. கருப்பட்டி சேர்ந்த கறி சீக்கிரம் கருகும், அடிக்கடி திருப்ப வேண்டும். ஓரம் மட்டும் கருகலாம். அந்தக் கருகல் தேவை. உள்ளே 74 டிகிரி சூடு ஏறியிருக்க வேண்டும். சமையல் வெப்பமானி இல்லாதவர்கள் கனமான துண்டு ஒன்றை வெட்டிப் பாருங்கள், இளஞ்சிவப்பு எங்கும் இருக்கக் கூடாது.

*

தொக்குக்கு. கடலை 200 கிராம். மணலிலோ இரும்பு வாணலியிலோ சிறுதீயில் வறுக்க வேண்டும். தோல் வெடித்துப் பருப்பு பழுப்பேறும் வரை பொறுமையாக. பெரிய தீயில் வறுத்தால் மேலே கருகி உள்ளே பச்சையாக நிற்கும், தொக்கு முழுக்கப் பச்சை வாடை அடிக்கும். தோலைப் புடைத்து நீக்கிவிட்டு உரலில் இடியுங்கள். மிக்சி என்றால் விட்டுவிட்டுச் சுற்றுங்கள். பாதி மாவாக, பாதி ரவை அளவு குருணையாக இருக்க வேண்டும். இதுதான் இந்தத் தொக்கின் உயிர். டப்பாவில் விற்கிற கடலை வெண்ணெயைப் போட்டுச் செய்கிறவர்கள் உண்டு. அது பசைபோல் அண்ணத்தில் ஒட்டும், பல்லுக்கு வேலை இருக்காது. ஐரோப்பாவில் ஹாலந்துக்காரர்கள் இந்தோனேசியாவிலிருந்து கொண்டுபோய் உருளைக்கிழங்கு வறுவலுக்கு ஊற்றித் தின்கிற சாத்தே சாஸ் அப்படித்தான் வழுவழுவென்று இருக்கும். எனக்கு அது பிடிக்காது.

வரமிளகாய் பத்து, விதை பாதி நீக்கி வெந்நீரில் ஊறப்போட்டது. சின்ன வெங்காயம் 100 கிராம், பூண்டு 4 பல், பேரரத்தைத் துண்டு. இவற்றை அரைத்துக் கால் கப் கடலெண்ணெயில் வதக்குங்கள். பச்சை வாசம் போய், நிறம் ஆழமாகி, ஓரத்தில் எண்ணெய் பிரியும் வரை. பள்ளிபாளையம் சிக்கனும் சிந்தாமணி சிக்கனும் செய்தவர்களுக்கு இந்த இடம் பழக்கமானது. வரமிளகாயும் சின்ன வெங்காயமும் எண்ணெயில் ஒன்றோடொன்று பேசி முடிக்கும் வரை அடுப்பைத் தொடக் கூடாது. பிறகு இரண்டாம் தேங்காய்ப்பால் ஒன்றரை கப், இடித்த கடலை, சின்ன எலுமிச்சை அளவு புளிக் கரைசல், கருப்பட்டி 50 கிராம், உப்பு. சிறுதீயில் கிளறிக்கொண்டே இருங்கள், கடலை அடியில் பிடிக்கும். மேலே சிவந்த எண்ணெய் மிதக்கத் தொடங்கும்போது முதல் பால் அரை கப் ஊற்றி, ஒரு கொதியில் இறக்கிவிடுங்கள்.

முதலில் இனிப்பு, அப்புறம் புளிப்பு, கடைசியில் தொண்டையில் காரம். இந்த வரிசையில் வந்தால் தொக்கு சரி. முதலிலேயே புளித்தால் கருப்பட்டி சேருங்கள். இனிப்பு தூக்கினால் உப்புக் கல் நாலைப் போடுங்கள்.

கூட வைக்க வெள்ளரித் துண்டு, பச்சையாகச் சின்ன வெங்காயம். மலாய்க்காரர்கள் ஓலைப் பின்னலுக்குள் அரிசியை வேகவைத்த கெட்டிச் சோற்றை வெட்டிப் போடுவார்கள். நமக்கு இட்லி. மத்தியான இட்லியைத் துண்டாக்கி இந்தத் தொக்கில் புரட்டித் தின்ற பிறகு வேறு எதுவும் தேவைப்படவில்லை.

*

மேற்கு ஆப்பிரிக்காவில், நைஜீரியாவின் வடக்கே ஹௌசா மக்கள் ‘சூயா’ சுடுகிறார்கள். பெரும்பாலும் மாட்டுக்கறி, கோழியும் உண்டு. அங்கே தொக்கு இல்லை, பொடி. கடலையை அரைத்து எண்ணெயைப் பிழிந்தெடுத்த பிறகு மிஞ்சுவதை உருட்டிப் பொரித்து ‘குலி குலி’ என்று தின்பார்கள். அதையே பொடித்து மிளகாய், சுக்கு, உப்போடு கலந்து கறியில் அப்பிச் சுடுவார்கள். எண்ணெய் போன கடலை என்றால் நம் கணக்கில் புண்ணாக்கு. கானோ நகரத்தில் ஒருகாலத்தில் கடலை மூட்டைகளை கோபுரம் கோபுரமாக அடுக்கி ஏற்றுமதிக்கு நிறுத்தியிருந்தார்கள். கடலை விளைந்த மண் கடலையின் கடைசித் துளியையும் கறியோடு சேர்த்திருக்கிறது.

மரச்செக்குக் கடையில் போய்க் கேட்டேன். வாகைமரச் செக்கு, இப்போது மோட்டாரில் சுற்றுகிறது.

“ஏனுங், புண்ணாக்கு மாட்டுக்குங்களா?”

“இல்லீங்கண்ணா, கறிக்குத் தூவறதுக்குங்க.”

“எங்க அப்பாரு காலத்துல செக்கடியில சூட்டோட ஒரு துண்டு எடுத்து, கருப்பட்டியோட திம்பாங்கங்க. இப்ப யாருங்க கேக்கறாங்க? இருங்க, உள்ள இருந்து நல்லதா எடுத்துத் தாரனுங்க.”

கையால் உடைத்துத் தந்த துண்டு மென்மையாக, மாவு மணத்தோடு இருந்தது. வறுத்துப் பொடித்து, மிளகாய்த்தூளும் சுக்குப்பொடியும் உப்பும் கலந்து, பாதி வெந்த கறிமேல் தூவிச் சுட்டால் மொறுமொறுப்பாக ஒரு மேல்தோல் கட்டுகிறது. தொக்கு வைக்க நேரமில்லாத நாளில் இது போதும். ஆனால் சுத்தமான கடலையை ஆட்டுகிற செக்கில், அன்றைக்கு ஆட்டிய புண்ணாக்காக இருக்க வேண்டும். மாட்டுத் தீவனக் கடையில் மூட்டையில் கிடக்கிற புண்ணாக்கை மனுசன் தின்னக் கூடாது.

*

அதற்குக் காரணம் இருக்கிறது. 1960இல் இங்கிலாந்தில் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட வான்கோழிகள் கொத்துக் கொத்தாகச் செத்தன. என்ன நோய் என்று தெரியாமல் தவித்துக் கடைசியில் தீவனத்தில் போட்ட பிரேசில் கடலைப் புண்ணாக்கில் காரணத்தைக் கண்டுபிடித்தார்கள். அதில் வளர்ந்திருந்த ஒரு பூஞ்சை உண்டாக்கிய நஞ்சு. அஃப்ளடாக்சின் என்று அதற்குப் பேர் வைத்தது அதற்குப் பிறகுதான். கல்லீரலைத் தாக்கும். வறுத்தாலும் கொதிக்க வைத்தாலும் முழுசாகப் போகாது. ஈரம் காயாமல் மூட்டை கட்டிய கடலையில்தான் அது பெருகுகிறது.

எனவே பொறுக்குங்கள். சுருங்கியது, கறுத்தது, பச்சைப் பூசணம் தெரிவது, தோல் மங்கியது எல்லாவற்றையும் முறத்திலேயே ஒதுக்கிவிடுங்கள். ஒரு கசப்புப் பருப்பு போதும், வாயில் இருக்கிற அத்தனை ருசியும் போய்விடும். கடலக்காய் ஆய்ந்த பெண்கள் கையாலேயே இதைச் சொல்லிவிடுவார்கள். கனமில்லாத காயைத் தனியே போட்டுக்கொண்டே போவார்கள்.

*

கடலையைத் தொடாத சமையலிலும் கோழிக்குக் கொட்டை தேவைப்பட்டிருக்கிறது. கருங்கடலோரம் ஜார்ஜியாவில் அக்ரூட்டை பூண்டும் கொத்தமல்லி விதையும் சேர்த்து அரைத்து, வினிகர் விட்டு, சுட்ட கோழிக்கு ஊற்றுகிறார்கள். துருக்கியில் வேகவைத்த கோழியை உதிர்த்து அக்ரூட்டோடு பிசைகிறார்கள். அக்ரூட் விலையைப் பார்த்தால் நமக்கு ஆகாது. கோழியும் கொட்டையும் சேருவது ஏதோ ஒரு ஊரின் விசித்திரம் இல்லை என்று காட்டவே இதை எழுதி வைக்கிறேன்.

*

இனி மனசில் உள்ளதைச் சொல்லிவிடுகிறேன். பொள்ளாச்சி ஒருகாலத்தில் கடலைக்குப் பேர்போன ஊர். கடலை போய்த் தென்னை வந்தது. அவிநாசி, சேவூர், அன்னூர்ப் பக்கம் இன்னும் கடலை நிற்கிறது. ஆனால் காய் பிடுங்க ஆள் இல்லை. பிடுங்க வேண்டிய கைகள் காலையில் பனியன் கம்பெனி வண்டியில் ஏறிவிடுகின்றன. அவர்கள் மேல் குற்றமில்லை, மாசச் சம்பளம் வருகிறது. மயிலும் காட்டுப்பன்றியும் வேறு. 1994இல் பாமாயில் இறக்குமதியைத் திறந்துவிட்டார்கள். 2007 முதல் ரேஷன் கடையிலும் பாமாயில். கடலெண்ணெயையும் தேங்காயெண்ணெயையும் ரேஷனில் கொடுங்கள் என்று கொங்கு விவசாயிகள் கேட்டுக்கொண்டே இருக்கிறார்கள். அது நியாயமான கோரிக்கை. கடலெண்ணெய் விற்றால்தான் கடலைக்கு விலை, கடலைக்கு விலை இருந்தால்தான் அடுத்த ஆடிக்கு விதை.

60 வருசத்துக்கும் மேலாகக் கேட்டு வாங்கிய அத்திக்கடவு - அவிநாசித் திட்டம் 2024 ஆகஸ்ட் 17 அன்று தொடங்கப்பட்டது. 1,916 கோடி ரூபாய்ச் செலவில், பவானியின் உபரி நீர் ஒன்றரை டி.எம்.சி.யை மூன்று மாவட்டங்களின் 1,045 குளம் குட்டைகளில் நிரப்பும் திட்டம். குளம் நிறைந்தால் சுற்றுவட்டாரக் கிணறு ஊறும். பூப்பூத்து விழுது இறங்கும் நேரத்தில் மழை தவறினால் கடலை பொக்காகிப் போகும். அப்போது கிணற்றில் இருந்து ஒரு தண்ணீர் காட்ட முடிந்தால் காடு பிழைக்கும். இந்தத் தண்ணீர் மனைக்கட்டுகளுக்குப் போகாமல் கடலைக் காட்டுக்குப் போக வேண்டும் என்பது என் ஆசை.

தின்கிறவர்கள் செய்யக்கூடியதும் இருக்கிறது. கடலை மிட்டாயிலும் சட்னியிலும் எவ்வளவுதான் செலவாகும்? சாயங்காலமானால் ரோட்டோரமெல்லாம் கோழி சுடுகிறார்கள். அந்தத் தட்டில் ஒரு கிண்ணம் கடலக்காய்த் தொக்குக்கு இடம் கிடைத்துவிட்டால், சேவூர்க் காய் வெளியூர் வியாபாரிக்காகக் காத்திருக்க வேண்டியதில்லை.

*

அவிநாசி, திருப்பூர், அன்னூர் கிரில் கடைக்காரர்களுக்கு: ஒரு வாரம் வைத்துப் பாருங்கள். தேங்காய்ப்பால் ஊற்றாத தொக்கு ஃபிரிட்ஜில் மூன்று நாள் நிற்கும். வேண்டியபோது வேண்டிய அளவு எடுத்துப் பால் ஊற்றிக் கொதிக்கவிடுங்கள், பால் சேர்த்ததை மறுநாளைக்கு வைக்காதீர்கள். கடலை சிலருக்கு ஒத்துக்கொள்ளாது, மூச்சுத் திணறும் அளவுக்குப் போகும். ஆகவே ‘இதில் நிலக்கடலை உள்ளது’ என்று தமிழிலும் இந்தியிலும் பெரிதாக எழுதி, கல்லாவுக்கு நேரே மாட்டிவையுங்கள்.